போயிட்டு வாரோம்

உப்பாற்றுத்துறையில் செத்தவர்கள் ஞாயிற்றுக்கிழமை மட்டும்தான் நடந்தார்கள்; அதுவும் வெயில் தாழ்ந்து, என் சோடாக் கடையின் நிழல் எதிர்ச்சுவரைத் தொட்ட பிறகு, செருப்பில்லாமல், தெருவின் ஓரமாக, உயிரோடு இருக்கிறவர்களுக்கு வழிவிட்டு, யாரையும் முறைக்காமல், யார் முறைத்தாலும் கண்டுகொள்ளாமல் நடந்தார்கள். வெளியூர்க்காரர்கள் இதைக் கேட்டால் வாயைப் பிளப்பார்கள். குழாயில் தண்ணீரே வராத ஊரில், வராத தண்ணீருக்கு வரிசையில் நின்று பழகிய எங்களுக்கு, வந்த மனிதர்களைப் பார்த்து ஆச்சரியப்பட நேரம் கிடைக்கவில்லை. ஏன் வந்தார்கள் என்று கேட்டால் ஒரே பதில்தான் உண்டு. நாங்கள் கூப்பிட்டோம், வந்தார்கள்.

கூப்பிட்டது அமலோற்பவம். கோபுரம் இருக்கிற ஊர் கோபுரத்தைக் காட்டிப் பிழைக்கிறது, அருவி இருக்கிற ஊர் அருவியைக் காட்டிப் பிழைக்கிறது. எங்கள் ஊரில் வெள்ளைக்காரன் வந்து உப்பையும் ஆட்களையும் கப்பலில் ஏற்றிவிட்டுப் போன பிறகு மிஞ்சியது ஒரு பங்களா, ஒரு கிடங்கு, கடலுக்குள் நீண்டு பாதியில் முறிந்து நிற்கும் ஒரு கடல்பாலம், அப்புறம் இவை ஒவ்வொன்றிலும் நடந்த சாவுகள். அந்தச் சாவுகளைக் காட்டியே பிழைக்கலாம் என்று துறைமுக லாட்ஜ் முதலாளிக்குத் தோன்றியது. 'பேய் நடை' என்று பலகை எழுதி வைத்தார். மாதா கோவில் பூசையில் வாசகம் வாசிக்கும் அமலோற்பவத்தின் குரல் கடைசி பெஞ்சு வரைக்கும் கேட்கும் என்பதால் அவளையே வழிகாட்டியாக வைத்துக்கொண்டார். ஞாயிறு சாயங்காலம் லாட்ஜில் தங்கிய பயணிகளைக் கூட்டிக்கொண்டு என் கடை முன்னால் நிறுத்துவாள், ஆளுக்கொரு பன்னீர் சோடா குடிக்க வைப்பாள், பிறகு பங்களாவில் தொடங்கிக் கடல்பாலத்தில் முடிப்பாள்.

அவள் எப்படிக் கூப்பிட்டாள் என்று சொல்ல வேண்டுமானால் அவள் வீட்டுக் கதையைச் சொல்லியாக வேண்டும். அவள் புருஷன் தொம்மை ஒரு விடிகாலையில் சீலா மீனுக்குப் போன விசைப்படகில் போனவன். புயல் அடித்தது. படகின் பலகை ஒன்று கரைக்கு வந்தது, ஆட்கள் வரவில்லை. கூடப் போனவர்களின் மனைவிமார் ஒரு வருஷம் பார்த்தார்கள், அழுதார்கள், பாதிரியாரிடம் சொல்லிப் பூசை வைத்துத் தாலியைக் கழற்றிவிட்டு வேறு வேலைகளைப் பார்க்கப் போனார்கள். தொம்மையின் தாய் இஞ்ஞாசியம்மாள் மட்டும் பூசை வைக்க விடவில்லை. "எம் மவன் செத்தான்னு யார் பாத்தது? பாத்தவன் வந்து சொல்லட்டும்" என்று வாசலில் நின்று சொன்னாள். பாதிரியார் குடையை விரித்துக்கொண்டு திரும்பிப் போய்விட்டார்.

அன்றிலிருந்து தினமும் சாயங்காலம் இஞ்ஞாசியம்மாள் சோறும் மீன் குழம்பும் ஆக்கித் தூக்குவாளியில் எடுத்துக்கொண்டு கடல்பாலத்துக்குப் போவாள். துருப்பிடித்த விளக்குக் கம்பத்துக்குப் பக்கத்தில் கடலைப் பார்த்து நிற்பாள். மழை பெய்தாலும் நிற்பாள், காய்ச்சல் அடித்தாலும் நிற்பாள். வெளிச்சம் போன பிறகு வாளியைத் திரும்ப எடுத்து வருவாள். ஆறிப்போன அந்தச் சோற்றைத்தான் மாமியாரும் மருமகளும் எதிரும் புதிருமாக உட்கார்ந்து தின்பார்கள். அமலோற்பவம் பூ வைத்தால் "புருஷன் எங்கேன்னே தெரியல, பூ என்ன பூ" என்று தெரு பேசும். வைக்காவிட்டால் "அவன் செத்தாச்சுன்னு இவளே முடிவு கட்டிட்டாளா" என்று மாமியார் அழுவாள். இரண்டுக்கும் நடுவில் பத்து வருஷத்துக்கு மேல் ஓட்டிவிட்டாள்.

தொம்மை போன அன்று, படகுக்காரர்கள் கத்திக் கூப்பிட்ட அவசரத்தில், சொல்லிக்கொள்ளாமல் ஓடியிருந்தான். அதனால்தான் அவன் வரவில்லை என்று இஞ்ஞாசியம்மாள் உறுதியாக நம்பினாள். அதற்குப் பிறகு அந்த வீட்டிலிருந்து தண்ணீர் பிடிக்கப் போனாலும் சரி, உப்பு வாங்கப் போனாலும் சரி, வாசல் நிலையில் நின்று வாய்விட்டு "போயிட்டு வாரேன் மாமி" என்று சொல்ல வேண்டும். அவள் உள்ளேயிருந்து "போயிட்டு வா" என்று சொன்ன பிறகுதான் படி இறங்க வேண்டும். சொல்லிச் சொல்லி அமலோற்பவத்தின் வாயில் அது எச்சில் மாதிரி தானாக ஊறியது. எந்த வாசலிலிருந்து திரும்பினாலும் சொல்லிவிட்டுத்தான் திரும்புவாள்.

இழவு வீட்டிலிருந்து யாரும் அப்படிச் சொல்லிக்கொண்டு கிளம்ப மாட்டார்கள் என்பது நம் ஊரில் பால்குடிப் பிள்ளைக்கும் தெரியும். வந்து, உட்கார்ந்து, அழுது, எழுந்து, சொல்லாமல் கொள்ளாமல், திரும்பிப் பார்க்காமல் இறங்க வேண்டும். மறுபடியும் வருகிறோம் என்றால் மறுபடியும் அங்கே ஒரு சாவு விழ வேண்டும் என்று ஆகிவிடும். அமலோற்பவத்துக்கும் இது தெரியாமல் இல்லை. ஆனால் நூறு வருஷத்துக்கு முந்தின சாவை இழவு என்று யார் நினைப்பார்கள்? பங்களாவின் பின்கட்டுக் கிணற்றடியில், வெள்ளிக் கரண்டியைத் திருடினாள் என்று துரைசானி பழிபோட்டுக் கிணற்றுக்குள் தள்ளிய சமையற்காரப் பெண்ணின் கதையைச் சொல்லி முடித்ததும், பயணிகளைக் கிளப்பிவிட்டு, கிணற்றைப் பார்த்து, "போயிட்டு வாரோம்" என்றாள்.

அடுத்த நிறுத்தத்தில் பயணிகளின் பின்வரிசையில் ஈரத் தலையோடு ஒருத்தி நின்றுகொண்டிருந்தாள்.

அவள் யாரையும் ஒன்றும் செய்யவில்லை. சொல்லிக்கொண்டு போனவர்களை வழியனுப்ப வந்தவள் போல, பாதி வழி கூட வந்து, அங்கிருந்து பிரிய மனசில்லாமல் மீதி வழியும் வந்தாள், அவ்வளவுதான். நடை முடிந்து எல்லோரும் என் கடைக்குத் திரும்பியபோது அவளும் பெஞ்சின் ஓரத்தில் உட்கார்ந்தாள். உட்கார்ந்தவளுக்குக் கொடுக்காமல் இருப்பது வியாபாரிக்கு அழகில்லை என்று நான் ஒரு சோடாவை உடைத்து முன்னால் வைத்தேன். அவள் குடிக்கவில்லை, பார்த்துக்கொண்டே இருந்தாள். அவள் போன பிறகு எடுத்துக் குடித்துப் பார்த்தால் சோடாவில் வாயுவே இல்லை, வெறும் தண்ணீர்.

ஊர் இரண்டு ஞாயிறு பேசியது, மூன்றாவது ஞாயிறு பழகிக்கொண்டது. பங்களாவில் இப்போது கூட்டுறவுச் சங்க அலுவலகம் நடக்கிறது. திங்கட்கிழமை காலையில் கிணற்றடியிலிருந்து வாசல் வரைக்கும் ஈரக் கால்தடம் இருக்கிறது என்று மானேஜர் முதலில் புகார் சொன்னார், பிறகு துடைக்கிறவளைச் சீக்கிரமே வரச் சொல்லிவிட்டார். ஆட்டோ ஸ்டாண்டில் செத்தவர்களை ஏற்றலாமா கூடாதா என்று சண்டை வந்து, அவர்கள் கை காட்டாதவரைக்கும் ஏற்ற வேண்டியதில்லை என்று முடிவானது. பாதிரியார் மூன்று வாரம் பிரசங்கத்தில் திட்டினார். நாலாவது வாரம் ஈரத் தலைக்காரி கோவில் படிக்கட்டில் வெளியே உட்கார்ந்து பாட்டு முடிகிற வரைக்கும் கேட்டுவிட்டுப் போனதைப் பார்த்த பிறகு திட்டுவதை நிறுத்திவிட்டார்.

கிடங்கில்தான் தொல்லை வந்தது. தாது வருஷப் பஞ்சத்தில் காப்பித் தோட்டத்துக்குக் கப்பலேற்ற அழைத்து வந்தவர்களை அந்த உப்புக் கிடங்கில் அடைத்து வைத்திருந்தார்கள். லாட்ஜ் முதலாளி எழுதிக் கொடுத்தபடி, "இவங்கெல்லாம் காலராவுல செத்துப்போனாங்க" என்று அமலோற்பவம் சொல்லிவிட்டு, "போயிட்டு வாரோம்" என்றாள். வந்தார்கள். ஆணும் பெண்ணும் இடுப்பில் பிள்ளையுமாகக் கிடங்கு வாசலில் வந்து நின்றார்கள். ஆனால் நடக்கவில்லை, அப்படியே தெருவை அடைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார்கள். மீன் வண்டி போக முடியவில்லை. கும்பிட்டுப் பார்த்தோம், கெஞ்சிப் பார்த்தோம். கடைசியில் அமலோற்பவம் எங்கள் தெருவில் இருக்கிற வயசானவர்களிடம் போய் உட்கார்ந்து, அவர்களுடைய பாட்டன்மார் குடித்துவிட்டு உளறியதையெல்லாம் கேட்டு வந்து, மறுவாரம் வேறு மாதிரிச் சொன்னாள்.

"காலரான்னு ஒரு பேச்சு வந்துச்சு. கப்பல்காரன் பயந்து ஏத்தாமப் போயிட்டான். ஏஜெண்டு கதவ வெளிய பூட்டிட்டுப் போயிட்டான். உள்ள இருந்து தண்ணி தண்ணின்னு கத்துனாங்க. இந்தத் தெருவுக்கே கேட்டுச்சு. ஒருத்தரும் குடுக்கல."

அப்போதுதான் அவர்கள் எழுந்தார்கள். எழுந்து, தெருவின் ஓரமாக வரிசையில் நடக்கத் தொடங்கினார்கள். நாங்கள் யாரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை. அடுத்த ஞாயிற்றுக்கிழமை யாரும் யாரிடமும் சொல்லாமலே எங்கள் தெருவில் எல்லா வாசலிலும் குடத்தில் தண்ணீர் இருந்தது, இல்லாத தண்ணீரை எங்கிருந்தோ பிடித்து வைத்திருந்தார்கள். இப்போது வைத்து என்ன ஆகப் போகிறது என்று எங்களுக்கும் தெரியும். கண்கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம். ஆனாலும் வைக்காமல் இருக்க முடியவில்லை.

செத்தவர்கள் பேச மாட்டார்கள், கேட்டதற்குப் பதிலும் சொல்ல மாட்டார்கள். சொத்துத் தகராறில் இருந்தவர்கள் பத்திரம் எங்கே என்று கேட்டுப் பார்த்தார்கள், காதல் தோல்வியில் இருந்தவர்கள் ஏதேதோ கேட்டுப் பார்த்தார்கள். அவர்கள் மழையைப் பார்க்கிற மாதிரி எங்களைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். செத்த இடத்தில் நின்று, நடந்ததை நடந்தபடி சொல்லி, சொல்லிக்கொண்டு கிளம்பினால் வந்து கூட நடப்பார்கள். அதற்கு மேல் அவர்களிடமிருந்து ஒன்றும் கிடைக்காது.

இதைக் கண்டுபிடித்த நாளிலிருந்து ஊரின் கண் முழுக்க அமலோற்பவத்தின் மேல்தான். தொம்மை கதையைச் சொல்லிக் கூப்பிட்டுப் பார்த்தால் தெரிந்துவிடாதா? வந்தால் செத்தான், வராவிட்டால் இருக்கிறான். அவளுக்கும் அது தோன்றாமல் இல்லை. ஒரு ஞாயிறு கடல்பாலத்தில் பயணிகளை நிறுத்தி, புயலைச் சொன்னாள், படகைச் சொன்னாள், பலகை வந்ததைச் சொன்னாள், "போயிட்டு வாரேன்" என்றாள். யாரும் வரவில்லை. விளக்குக் கம்பத்துக்குப் பக்கத்தில் தூக்குவாளியோடு நின்ற இஞ்ஞாசியம்மாள் கையைத் தட்டினாள்.

"பாத்தியளா! எம் மவன் சாகல! எங்கனயோ இருக்கான்!"

தெருவெல்லாம் மிட்டாய் கொடுத்தாள். எனக்கும் கொடுத்தாள், வாங்கிக் கல்லாவில் வைத்துவிட்டேன், தின்னவில்லை. ஏனென்றால் அவன் பாலத்தில் சாகவில்லை, செத்திருந்தால் நடுக்கடலில் செத்திருக்கிறான், நடுக்கடலுக்கு நடந்து போய் யாரும் கதை சொல்ல முடியாது. அமலோற்பவத்துக்கும் இது தெரிந்திருந்தது. அன்று என் பெஞ்சில் ஈரத் தலைக்காரிக்குப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு சொன்னாள்.

"அண்ணாச்சி, இவளப் பாத்தா பொறாமயா இருக்கு. செத்தாச்சுன்னு ஆயிருச்சுல்லா. எனக்கு இருக்காரா இல்லயான்னு தெரிஞ்சாப் போதும். இல்லன்னா ஒரு மூச்சு அழுதுட்டாவது எந்திரிப்பேன். அழக்கூட விடமாட்டேங்காங்களே."

நான் சோடாவை உடைத்துக் கொடுத்தேன். வேறு என்ன கொடுக்க?

அந்த வருஷ மழைக்கு இஞ்ஞாசியம்மாள் படுத்துவிட்டாள். நெஞ்சில் சளி. பாலத்துக்குப் போக முடியாததால் தூக்குவாளியை மருமகள் எடுத்துக்கொண்டு போய் நின்றாள். திரும்பி வந்ததும் "பாத்தியா?" என்று கிழவி கேட்பாள், "பாத்தேன் மாமி" என்று இவள் சொல்வாள். ஒரு மத்தியானம், நான் எலுமிச்சை கொண்டு போயிருந்தபோது என் காது கேட்கவே கிழவி பேசினாள்.

"ஏட்டி அமலி, நான் இனி எந்திரிக்க மாட்டேன்."

"அப்படிலாம் சொல்லாதிய மாமி."

"சும்மா கெட. கேளு. நான் அங்கன போனதும் மொதச் சோலியா அவனத்தான் தேடுவேன். மூலமுடுக்கெல்லாம் தேடுவேன். பெறவு நீ என்னயக் கூப்பிடணும், அந்தக் கெணத்துக்காரியக் கூப்பிட்ட மாதிரி."

"கூப்பிட்டா? நீங்க பேச மாட்டியளே மாமி."

"அதுக்குத்தான் ஒரு அடையாளம் வச்சிக்கிடுவோம். அவன் அங்கன இல்லன்னு வையி, நான் எப்பவும் போலப் பாலத்துல வந்து நின்னு கடலப் பாப்பேன். நீயும் காத்திரு." கிழவி மூச்சு வாங்கிக்கொண்டாள். "இருந்துட்டான்னா, எனக்குக் கடல்ல என்ன சோலி?"

இருமல் வந்தது. அமலோற்பவம் நெஞ்சைத் தடவிவிட்டுக்கொண்டே தலையைத் திருப்பிக்கொண்டாள். நான் எலுமிச்சையைத் திண்டில் வைத்துவிட்டு வெளியே வந்துவிட்டேன்.

அந்த வாரமே இஞ்ஞாசியம்மாள் செத்தாள். கல்லறைத் தோட்டத்தில் புதைத்தோம். இழவுக்கு வந்த எல்லோரும் முறைப்படி சொல்லாமல் கொள்ளாமல் இறங்கிப் போனோம். ஞாயிறு வந்தது. அமலோற்பவம் பயணிகளைக் கூட்டிக்கொண்டு பங்களாவுக்குப் போகாமல் நேரே தன் வீட்டு வாசலுக்கு வந்து நின்றாள். விஷயம் தெரிந்து தெருவே கூடிவிட்டது. நான் கடையை அடைத்துவிட்டு வந்திருந்தேன்.

"இங்க இஞ்ஞாசியம்மாள்னு ஒருத்தங்க இருந்தாங்க" என்று தொடங்கினாள். ஊரறிந்த குரல் அன்று முதல் வரிசைக்குக்கூடச் சரியாகக் கேட்கவில்லை. மாமியார் தன்னைத் திட்டியதைச் சொன்னாள், பூவைப் பிய்த்துப் போட்டதைச் சொன்னாள், பிறகு அவளே ராவெல்லாம் உட்கார்ந்து தன் காலைப் பிடித்துவிட்டதைச் சொன்னாள், தூக்குவாளியைச் சொன்னாள், சளியைச் சொன்னாள். சொல்லி முடித்ததும் நிலைப்படியைப் பார்த்துத் திரும்பினாள்.

பக்கத்து வீட்டு மதலேனாள் ஓடிவந்து கையைப் பிடித்தாள். "ஏட்டி, பிணம் போன வீடு இது, இன்னும் மெழுகுவத்தி அணையல! சொல்லிறாத! அடுத்த சாவு இந்த வீட்டுலதான் விழும்!"

"விழட்டும்க்கா" என்றாள் அமலோற்பவம். "இந்த வீட்டுல இனிச் சாக நான் ஒருத்திதான இருக்கேன்."

கையை விடுவித்துக்கொண்டு, நிலையில் நின்று, எல்லா நாளும் சொல்கிற அதே மாதிரி, "போயிட்டு வாரேன் மாமி" என்றாள்.

'போயிட்டு வா' என்று உள்ளேயிருந்து குரல் வரவில்லை. இஞ்ஞாசியம்மாளே வந்தாள். ஈரக் கையை முந்தானையில் துடைத்துக்கொண்டே, படியில் ஒரு காலை வைத்து, மறு காலை வைத்து, எப்போதும் இறங்குகிற மாதிரியே இறங்கினாள். கையில் தூக்குவாளி இல்லை. அதை நான் பார்த்தேன், அமலோற்பவமும் பார்த்தாள். மறந்திருப்பாள் என்று நினைத்துக்கொண்டேன், அவளும் அப்படித்தான் நினைத்திருக்க வேண்டும், ஏனென்றால் சட்டென்று முன்னால் திரும்பி வேகமாக நடந்தாள்.

பங்களாவில் ஈரத் தலைக்காரி சேர்ந்துகொண்டாள், கிடங்கில் அத்தனை பேரும் சேர்ந்துகொண்டார்கள், வாசல்களில் குடங்கள் இருந்தன, தெருக்காரர்கள் நாங்களும் பின்னாலேயே போனோம். சாமி சப்பரம் போகிற மாதிரி ஒரு கூட்டம், ஆனால் கொட்டு இல்லை, பேச்சு இல்லை, எங்கள் செருப்புச் சத்தம் மட்டும்தான். அமலோற்பவம் எந்த நிறுத்தத்திலும் நிற்கவில்லை, எந்தக் கதையும் சொல்லவில்லை. பயணிகள் ஒன்றும் புரியாமல் கூட வந்தார்கள்.

கடல்பாலத்தில் காற்று அடித்துக்கொண்டிருந்தது. இஞ்ஞாசியம்மாள் எல்லோரையும் தாண்டி முன்னால் போனாள். துருப்பிடித்த விளக்குக் கம்பத்துக்குப் பக்கத்தில், தன் இடத்துக்கு வந்து, நின்றாள். அமலோற்பவத்தின் முகத்தில் ரத்தம் ஏறியதை நான் பார்த்தேன். நிற்கிறாள், மாமி நிற்கிறாள், எப்பவும் போல நிற்கிறாள். மதலேனாள் என் சட்டையைப் பிடித்துக்கொண்டாள்.

கிழவி சேலையைச் சரிசெய்தாள். பிறகு கடலுக்கு முதுகைக் காட்டி, கம்பத்தில் சாய்ந்து உட்கார்ந்து, இரண்டு காலையும் நீட்டிக்கொண்டு, ஊரைப் பார்த்தாள். எங்கள் கடற்கரையில் பெண்கள் அப்படி உட்காருவது ஒரே சமயத்தில்தான். போன படகெல்லாம் கரை சேர்ந்து, ஆட்கள் எல்லாம் வீட்டுக்குப் போன பிறகு, இனி யாருக்காகவும் பார்க்க வேண்டியதில்லை என்று ஆன பிறகு. அவள் முகத்தில் அத்தனை நிம்மதி. ஒரு தடவை கூடக் கழுத்தைத் திருப்பிக் கடலைப் பார்க்கவில்லை.

அமலோற்பவம் அப்படியே தரையில் உட்கார்ந்தாள். பத்து வருஷத்துக்கு மேல் அடக்கி வைத்திருந்த அழுகை வந்தது. நெஞ்சில் அறைந்துகொண்டு, "என்னப் பெத்த ராசா, என்னிய விட்டுட்டுப் போயிட்டியளே" என்று இழவு வீட்டில் பொஞ்சாதி அழுகிற அழுகை. இது நடையில் ஒரு பகுதி என்று நினைத்துப் பயணி ஒருவர் செல்போனைத் தூக்கினார். நான் அவர் கையைப் பிடித்துக் கீழே இறக்கினேன். மதலேனாள் போய்ப் பக்கத்தில் உட்கார்ந்து கட்டிக்கொண்டு சேர்ந்து அழுதாள். கிடங்குக்காரர்களும் கிணற்றுக்காரியும் சுற்றி நின்றார்கள்.

அழுது முடித்துவிட்டு எழுந்து, முகத்தைத் துடைத்தாள். பயணிகளைப் பார்த்து, பழைய குரலில், கடைசி ஆள் வரைக்கும் கேட்கிற குரலில் சொன்னாள். "தொம்மைன்னு ஒருத்தர். இந்தக் கரையில இருந்து மீனுக்குப் போனார். கடல்ல செத்துப்போனார். எம் புருஷன்."

அவ்வளவுதான் கதை. நாங்கள் எல்லோரும் அடுத்த வார்த்தைக்காகக் காத்து நின்றோம். செத்தவர்களும் காத்து நின்றார்கள். அந்த ஒரு வார்த்தையைச் சொன்னால் நடுக்கடலிலிருந்தானாலும் அவன் வந்துவிடுவானோ என்னவோ. வந்தால் வாரா வாரம், கிணற்றுக்காரி மாதிரி, நனைந்த சட்டையோடு, அவளைத் தெரியாதவன் போலப் பயணிகளின் பின்வரிசையில் நடப்பான். அவள் வாய் பழக்கத்தில் திறந்தது. கம்பத்தில் சாய்ந்திருந்த மாமியாரைப் பார்த்தாள். வாயை மூடிக்கொண்டாள்.

பிறகு திரும்பினாள். இழவு வீட்டிலிருந்து இறங்குகிறவர்கள் இறங்குகிற மாதிரி, சொல்லாமல் கொள்ளாமல், ஒரு தடவையும் திரும்பிப் பார்க்காமல், கடல்பாலத்தின் மேல் கரையைப் பார்த்து நடந்தாள். நாங்களும் வாயைத் திறக்காமல் அவள் பின்னாலேயே நடந்தோம். எங்கள் பின்னால் செத்தவர்கள் யாரும் வரவில்லை.